சுங்க அறிவிக்கையும் நாடாளுமன்றமும்: வணிக ஒப்பந்த அதிகாரம் கைமாறிய இடம்

அயல்நாட்டு வணிக ஒப்பந்தங்களில் நாடாளுமன்றத்துக்குப் பங்கில்லாமல் போனதற்கு அரசமைப்பே காரணம் என்பது நம் துறையில் வேரூன்றிவிட்ட கருத்து. 73ஆம் உறுப்பு ஒன்றிய ஆட்சித்துறைக்கு அதிகாரம் தருகிறது. முதற் பட்டியலின் 14ஆம் பதிவின் கீழ் நாடாளுமன்றம் ஒப்பந்த நடைமுறைச் சட்டம் எதையும் இயற்றவில்லை. ஆகவே களம் முழுவதும் ஆட்சித்துறைக்கே என்று அவ்வாதம் செல்லும். அதற்கு முட்டுக்கொடுப்பது 1969இல் உச்ச நீதிமன்றம் வழங்கிய மகன்பாய் ஈசுவர்பாய் படேல் தீர்ப்பு. அத்தீர்ப்பை அப்படிப் படிக்க இயலாது என்பதும், அதிகாரம் உண்மையில் கைமாறியது 1962ஆம் ஆண்டுச் சுங்கச் சட்டத்தின் 25ஆம் பிரிவில் என்பதும் இக்கட்டுரையின் வாதம்.

மகன்பாய் வழக்கு வணிகம் பற்றியதன்று. கட்ச் ரண் எல்லை குறித்து 1968இல் பன்னாட்டுத் தீர்ப்பாயம் அளித்த முடிவை நிறைவேற்ற அரசமைப்புத் திருத்தம் வேண்டுமா என்பதே அங்கு எழுந்த கேள்வி. வேண்டாம் என்றது நீதிமன்றம். தலைமை நீதிபதி இதயதுல்லா பெரும்பான்மைத் தீர்ப்பை எழுத, நீதிபதி ஜே. சி. ஷா உடன்பட்டுத் தனித் தீர்ப்பு எழுதினார். ஆய்வாளர்கள் எடுத்தாளும் பத்தி ஷாவுடையது. தனித் தீர்ப்பின் ஒரு பத்தியை நீதிமன்றத்தின் முழுக் குரலாகக் கொள்வதில் உள்ள சிக்கல் இருக்கட்டும். அப்பத்தியைப் பாதியோடு நிறுத்திவிடுவதுதான் பெரிய குறை.

ஷா சொல்வதன் சாரம் இது: ஒப்பந்தம் செய்துகொள்ள ஆட்சித்துறைக்குத் தனிச் சட்டம் தேவையில்லை. ஆனால் அந்த ஒப்பந்தம் குடிமக்களின் அல்லது பிறரின் உரிமையைக் குறுக்கினாலோ, நாட்டில் நடப்பிலுள்ள சட்டத்தை மாற்றினாலோ, சட்டம் இயற்றியாக வேண்டும். இங்கே இரண்டு நிபந்தனைகள் உள்ளன. முந்தைய ஆய்வுகள் இரண்டாவதை முதலாவதற்குள் கரைத்துவிட்டன. இறக்குமதித் தீர்வை இந்த அளவில்தான் இருக்க வேண்டும் என்று கேட்க ஒரு நெசவாளருக்கு நீதிமன்றத்தில் நிலைநாட்டக்கூடிய உரிமை இல்லை. எனவே வணிக ஒப்பந்தம் யார் உரிமையையும் தொடவில்லை என்று முடித்துக்கொள்கின்றன. இரண்டாம் நிபந்தனையின்படி உரிமை பறிபோனதா என்பது கேள்வியே அன்று. சட்டம் மாறியதா என்பதே கேள்வி. ஒவ்வொரு பொருளுக்கும் தீர்வை விகிதத்தை விதிப்பது 1975ஆம் ஆண்டுச் சுங்கத் தீர்வைச் சட்டத்தின் முதல் அட்டவணை. அது நாடாளுமன்றம் இயற்றியது. பத்து விழுக்காட்டைச் சுழியமாக்கும் ஒப்பந்தம் அந்த அட்டவணையின் பயனை மாற்றுகிறது. ஷாவின் அளவுகோலை நேர்மையாகப் பிடித்தால், வணிக ஒப்பந்தங்களில் பெரும்பாலானவை நாடாளுமன்றத்தின் வாசலுக்கு வந்தே தீர வேண்டும்.

ஏன் வருவதில்லை? 2011 செப்டம்பரில் பிரதமர் மன்மோகன் சிங் டாக்கா சென்றபோது வங்கதேசத்தின் 46 ஜவுளி இனங்களுக்குத் தீர்வையற்ற நுழைவு அறிவிக்கப்பட்டது. நவம்பரில், தெற்காசியத் தடையிலா வணிக உடன்பாட்டின் கீழ், 99/2011 எண் கொண்ட சுங்க அறிவிக்கை அரசிதழில் வெளியானது. மது, புகையிலை உள்ளிட்ட 25 இனங்கள் நீங்கலாக, வளர்ச்சி குன்றிய உறுப்பு நாடுகளின் பொருள்கள் அனைத்துக்கும் அடிப்படைத் தீர்வை நீங்கியது. ஆயத்த ஆடையும் அதில் அடங்கும். இத்தகைய அறிவிக்கைகளின் முதல் வாக்கியம் எப்போதும் ஒன்றே: 25(1) பிரிவின் அதிகாரத்தைக் கொண்டு, பொதுநலன் கருதி இது தேவை என மனநிறைவடைந்து, மைய அரசு விலக்களிக்கிறது. அந்த மனநிறைவு எப்போது ஏற்பட்டது? ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டு நாட்டைக் கட்டுப்படுத்திய பிறகு பொதுநலனை எடைபோட என்ன மிஞ்சியிருக்கும்? உள்நாட்டுத் தட்டுப்பாட்டைச் சமாளிக்க, 2022 ஏப்ரலில் பஞ்சுக்குச் செய்ததுபோல், அரசு தீர்வையைத் தானாக விலக்கவும் பிறகு மீட்கவும் உதவும் பிரிவு இது. மீட்க முடியாத வாக்குறுதியை நிறைவேற்றும் கருவியாக அது பயன்படுகிறது.

கருமத்தம்பட்டி, சோமனூர் வட்டாரத்தில் பாவு நூல் வாங்கிக் கூலிக்குக் காடா நெய்யும் விசைத்தறிக்காரர் கூலி உயர்வு கேட்டால், கோவை ஆட்சியர் அலுவலகத்தில் பேச்சுவார்த்தை நடக்கும். மின் கட்டணம் என்றால் சட்டமன்ற உறுப்பினரிடம் போகலாம். 99/2011 பற்றிக் கேட்க அவருக்குக் கதவே இல்லை. தறிகளின் நலிவுக்கு இந்த அறிவிக்கைதான் காரணம் என்று நான் சொல்லவில்லை. நூல் விலை தொடங்கிக் காரணங்கள் பல. கேட்க இடம் இல்லை என்பது மட்டும் உறுதி.

நாடாளுமன்றம் வாளாவிருந்தது என்ற கூற்றும் தவறு. அது பேசியிருக்கிறது, பேசித் தன் கையை விட்டிருக்கிறது. இதுவரை எவரும் போதிய அளவு கவனிக்காத சான்று இது. 2021ஆம் ஆண்டு நிதிச் சட்டம் 25ஆம் பிரிவில் (4அ) உட்பிரிவைச் சேர்த்தது: நிபந்தனையுடன் கூடிய விலக்கு எதுவும், வேறு காலம் குறிக்கப்படாவிட்டால், இரண்டாண்டு முடிந்து வரும் மார்ச் 31இல் காலாவதியாகும். பழைய விலக்குகளுக்கு அந்த நாள் 2023 மார்ச் 31. பிறப்பிடச் சான்று கேட்கும் வணிக ஒப்பந்த விலக்குகளும் நிபந்தனை விலக்குகளே. 2023ஆம் ஆண்டு நிதிச் சட்டம் இருதரப்பு, பலதரப்பு வணிக ஒப்பந்த விலக்குகளை இந்தக் காலவரம்பிலிருந்து நீக்கிவிட்டது. அந்த மசோதாவை மக்களவை மார்ச் 24 அன்று அமளிக்கிடையே விவாதமின்றி நிறைவேற்றியது. அறிவிக்கையிலேயே வேறு காலம் குறித்திருக்கலாமே என்பார்கள். இருக்கலாம், ஆனால் அப்போது அதைக் குறித்தவர் பொறுப்பேற்றிருப்பார்.

இன்னொரு முரணையும் காண வேண்டும். சுங்கத் தீர்வைச் சட்டத்தின் 8அ பிரிவின்படி அவசரமாக இறக்குமதித் தீர்வையை உயர்த்தினால், அதே சட்டத்தின் 7(3) பிரிவு குறுக்கிடும்: அறிவிக்கையை அவைகளில் வைத்து, பதினைந்து நாளுக்குள் தீர்மானம் கொண்டுவந்து ஒப்புதல் பெற வேண்டும். ஒப்பந்தத்துக்காகத் தீர்வையை இறக்கினால், சுங்கச் சட்டத்தின் 159ஆம் பிரிவின்படி முப்பது நாள் அவையில் வைத்தால் போதும். யாரும் எதிர்த் தீர்மானம் நிறைவேற்றாவிட்டால் அது நிற்கும். உயர்வை அடுத்த வாரமே திரும்பப் பெறலாம். ஒப்பந்தத்தால் வந்த குறைப்பை எளிதில் திரும்பப் பெற முடியாது. கடுமையான கண்காணிப்பு இருக்க வேண்டியது எதற்கு?

வரி குறைந்தால் நுகர்வோருக்கு நன்மைதானே, 265ஆம் உறுப்பு வரி விதிப்புக்கு மட்டும்தானே சட்டம் கேட்கிறது என்பார்கள். அது வேறு விவாதம். இங்கே பேசப்படுவது யார் முடிவெடுக்கிறார் என்பது. தாமதம் ஏற்றுமதியாளரைக் கொல்லும் என்ற கவலைக்கு மதிப்பளிக்கலாம். திருப்பூர் அதைச் சொல்லும்போது பொருள் உண்டு. ஆனால் 2025 ஜூலை 24 அன்று கையெழுத்தான இந்திய-பிரிட்டன் ஒப்பந்தத்துக்கு, பிரிட்டன் தன் 2010ஆம் ஆண்டுச் சட்டப்படி 21 அமர்வு நாள்கள் நாடாளுமன்றத்தின் முன் வைக்கக் கடமைப்பட்டது. அங்கே மக்களவை எதிர்த்தால் ஏற்பு நிற்கும். திருப்பூரின் பனியன் அந்த நாட்டு அவையின் பார்வைக்குப் போகிறது. நம் அவைக்கு அந்த உரிமை இல்லை.

அரசமைப்பைத் திருத்த வேண்டும் என்று பல பதிற்றாண்டுகளாகப் பேசிவருகிறோம். அத்தனை பெரிய வேலை வேண்டியதில்லை. 7(3) பிரிவின் ஒப்புதல் முறையை, வணிக ஒப்பந்தத்தை நிறைவேற்றும் 25ஆம் பிரிவு அறிவிக்கைகளுக்கும் நீட்டும் திருத்தம் ஒன்று போதும். அடுத்த நிதி மசோதாவிலேயே அதைக் கொண்டுவரலாம். கொங்கு மண்டலத்தின் மக்களவை உறுப்பினர்கள் அதற்கான திருத்தத்தை முன்மொழிய வேண்டும்.