படப்பெட்டிக்குள் இல்லாதவர்கள்

சினிமாத் தொழிலை ஆராயும் ஆவணப்படங்கள் இன்று நிறைய வருகின்றன. அவற்றில் யார் இடம்பெறுகிறார்கள், யார் விடுபடுகிறார்கள் என்பதையே தென்னேரியில் நடக்கும் இந்த நினைவுச் சொற்பொழிவில் பேச எடுத்துக்கொண்டோம்.

2012இல் சிவேந்திர சிங் துங்கர்பூர் எடுத்த 'செல்லுலாய்ட் மேன்', புனே தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகத்தை வளர்த்தெடுத்த பி.கே. நாயரைப் பற்றிய படம். இந்தியாவில் எடுக்கப்பட்ட ஏறத்தாழ 1,700 மௌனப்படங்களில் அவரால் காப்பாற்ற முடிந்தவை ஒன்பதுதான். இந்த இழப்பு நம்முடையதும்தான். ஆனால் சுருள் அழிந்ததும் மனிதர் துடைக்கப்பட்டதும் ஒன்றல்ல.

பி.கே. ரோஸி புல்லறுத்துப் பிழைத்த புலையர் வீட்டுப் பெண். காக்காரிசி நாடகத்தில் ஆடியவர். அகஸ்தீஸ்வரத்தில் பிறந்த ஜே.சி. டேனியல் தயாரித்து இயக்கிய 'விகதகுமாரன்'தான் முதல் மலையாளப் படம். அதில் ரோஸிதான் நாயகி. தலித் பெண்ணொருத்தி நாயர் பெண்ணாக நடித்ததை ஆதிக்க சாதியினர் பொறுக்கவில்லை. திருவனந்தபுரம் கேபிடல் கொட்டகையில் திரைமீது கல்லெறிந்தார்கள். ரோஸியின் குடிசைக்குத் தீ வைத்தார்கள். லாரியேறித் தப்பிய அவர், நாகர்கோவிலில் ராஜம்மாள் என்ற பெயரில் வாழ்ந்து மறைந்தார்.

படம் மிஞ்சவில்லை. அவருடையதுதான் என்று உறுதியாகச் சொல்லத்தக்க புகைப்படமும் இல்லை. காப்பகப் பெட்டிகளை மட்டுமே நம்பும் ஆவணப்படத்துக்கு ரோஸி அகப்படமாட்டார். குன்னுக்குழி எஸ். மணி போன்ற இதழாளர்கள் விசாரித்து எழுதியதால்தான் அவர் வரலாற்றுக்குள் வந்தார். 2022இல் நீலம் பண்பாட்டு மையம் சென்னையில் அவர் பெயரிலேயே திரைப்பட விழா நடத்தியது. ஆக, பெட்டியில் இல்லாததை மனிதர்களின் நினைவிலிருந்து மீட்க முடியும்.

அந்த வேலை நம் ஊர்களிலும் காத்திருக்கிறது. டென்ட் கொட்டகைக் காலத்தில் மாட்டுவண்டியில் தட்டி கட்டி, மேளமடித்து, நோட்டீஸ் வீசித்தான் கிராமங்களுக்குப் படம் வந்த சேதியைச் சொன்னார்கள். அடித்தவர் யார்? அவருக்குக் கூலி எவ்வளவு? கொட்டகைக்குள் அவர் எங்கே உட்கார்ந்தார்? இரவு ஆட்டம் பார்க்கச் சேரிப் பெண்கள் எந்த வழியாகப் போய்த் திரும்பினார்கள்? நடிகர்களையும் முதலாளிகளையும் மட்டும் உட்காரவைத்துப் பேட்டி எடுக்கும் படங்கள் இவற்றைக் கேட்பதில்லை.

விடை சொல்லக்கூடிய பெரியவர்கள் குறைந்துகொண்டே வருகிறார்கள். மாணவத் தோழர்கள் கையிலிருக்கும் கைப்பேசியே இதற்குப் போதும். அவர்களின் சம்மதம் கேட்டு, பெயரும் ஊரும் செய்த வேலையும் அவர்கள் சொல்லிலேயே பதிவாகட்டும். பதிவின் ஒரு படி அவர்கள் வீட்டிலும் இருக்கட்டும்.