காடி வாசம் அடித்த பிலிம் சுருள்கள்

சென்ற வாரம் 1973 ஜனவரி 20 அன்று கோனாக்ரியில் கினி-பிஸாவு விடுதலைப் போராட்டத் தலைவர் அமில்கார் கப்ரால் சுட்டுக் கொல்லப்பட்டதோடு நிறுத்தியிருந்தோம். அவர் விட்டுச் சென்ற துப்பாக்கிகளைப் பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். அவர் விட்டுச் சென்ற கேமராக்காரர்களை அவ்வளவாக யாரும் கண்டுகொள்ளவில்லை.

போர்ச்சுகீசியருடன் காட்டுக்குள் சண்டை உச்சத்தில் இருந்த 1967இல், நான்கு இளம் வயதினரைக் கியூபாவுக்கு அனுப்பினார் கப்ரால். ஆயுதப் பயிற்சிக்கு அல்ல, ஹவானாவில் சாந்தியாகோ ஆல்வாரெஸிடம் சினிமா கற்றுவர! அவர்களில் ஒருவர் சானா நா ந்ஹாடா. பதினேழு வயதுப் பையன்.

1972இல் திரும்பினார்கள். மறு ஆண்டு செப்டம்பர் 24 அன்று, போயே பகுதியில் கினி-பிஸாவு தன்னைச் சுதந்திர நாடாக அறிவித்துக்கொண்டபோது அதைப் படம்பிடித்தது இவர்கள்தான். அனுப்பிவைத்தவர் பார்க்க உயிரோடு இல்லை.

படம் எடுத்தாயிற்று, போட்டுப் பார்ப்பது எப்படி? நாட்டில் பிலிம் கழுவ ஒரு லேப் கிடையாது. சுருள்கள் வெளிநாடு போய்த்தான் வரவேண்டும். ஆகவே எடுத்தது மலையளவு, எடிட்டிங் மேஜை ஏறியது கொஞ்சம். அந்தக் கொஞ்சத்தில் ஒன்று, கப்ராலின் உடல் 1976இல் தாய்நாடு திரும்பிய ஆவணப்படம்.

பிறகு பாரீஸிலிருந்து கிறிஸ் மார்க்கர் பிஸாவு வந்தார், இவர்களுக்குச் சொல்லிக்கொடுக்க. அவருடைய 'சான் சொலேய்' படத்தில் வரும் பிஸாவு கார்னிவல் காட்சிகள் சானா எடுத்தவை. மார்க்கர் டைட்டிலில் மறைக்காமல் பெயர் போட்டார். ஆனால் அந்தப் படத்தைக் கொண்டாடி எழுதியவர்களில் எத்தனை பேர் சானாவின் பெயரைச் சொன்னார்கள்? கேமராவைத் தூக்கியவனுக்கு வழக்கமாகக் கிடைக்கும் மரியாதை இதுதான்.

1998இல் உள்நாட்டுச் சண்டை மூண்டது. தேசியத் திரைப்பட நிறுவனத்தின் சுருள்கள் சீரழிந்தன. வெக்கையும் ஈரமும் ஏறினால் பிலிம் மெல்லச் சிதையும். டப்பாவைத் திறந்தால் காடி நெடி மூக்கைத் துளைக்கும். சுருள் சுருங்கி நெளிந்துவிடும், புரொஜெக்டரில் ஓடாது. தப்பியவற்றை 2012இல் பெர்லின் கொண்டுபோய் டிஜிட்டலாக்க உடன் நின்றவர் போர்ச்சுகீசியக் கலைஞர் ஃபிலிப்பா செஸார். ஆண்ட நாட்டிலிருந்து வந்த கை!

பல சுருள்களில் ஒலியே இல்லை. ஊர் ஊராகத் திரை கட்டிப் போட்டுக்காட்டியபோது, எது எங்கே எடுத்தது என்று சானாவே பக்கத்தில் நின்று சொன்னார். 2023இல் கான் நகரில் திரையிட்ட 'நோமே' என்ற தன் கதைப்படத்துக்குள்ளும் அந்தப் பழைய காட்சிகளைச் சேர்த்திருக்கிறார்.

அவரோடு ஹவானா போன ஃப்ளோரா கோமஸ் பிடித்த பாதை வேறு. அது அடுத்த வாரம்.