புளியமரங்கள் விழுந்த வாரம்

வந்தவாசி வழியே – 12

பக்கத்து ஆரணியில் பட்டு நெய்வார்கள். எங்கள் வந்தவாசியில் கோரை நெய்வார்கள். பட்டுக்கு முகூர்த்த நாள் வேண்டும், பாய்க்கு எந்த நாளும் ஒன்றுதான். பிள்ளை பிறந்தாலும் பாய், பந்தி போட்டாலும் பாய், கடைசியில் ஆளைக் கிடத்துவதும் பாயில்தான். சுற்றுப்பட்டு ஊர்களில் தறியிலிருந்து இறங்கும் பாய்கள் கட்டுக்கட்டாகப் பஸ்ஸின் மேலேறித்தான் வெளியூர் போகும். 1987 செப்டம்பரில் ஒரு வாரம் அந்தப் பஸ் வரவில்லை. பள்ளிக்கூடப் பையனாக இருந்த எனக்கு அந்த வாரத்தில் நினைவிருப்பது சத்தமில்லாத பஸ் நிலையமும், திண்ணை திண்ணையாக அடுக்கிக் கிடந்த பாய்க்கட்டுகளும்தான். தெற்கே முப்பது, நாற்பது மைலுக்குள் என்ன நடந்துகொண்டிருந்தது என்று பெரியவர்கள் தாழ்ந்த குரலில் பேசிக்கொண்டார்கள். பிள்ளைகள் கிட்டே போனால் பேச்சு நின்றுவிடும்.

கடந்த சில வாரங்களாக இந்தத் தொடரில் 1760 ஜனவரி 22 அன்று நடந்த வந்தவாசிப் போரைப் பார்த்தோம். அயர் கூட், லாலி, சிறைபட்ட புஸ்ஸி என்று பெயர்கள் எல்லாம் பாடப்புத்தகத்திலேயே இருக்கின்றன. பீரங்கி இழுத்த மாட்டை ஓட்டியவன் பெயர் எந்தப் புத்தகத்திலும் இல்லை. அது இருநூற்று அறுபது வருடத்துக்கு முந்தைய கதை, போகட்டும். நாங்கள் உயிரோடிருந்து பார்த்த காலத்திலும் அதே கணக்குத்தானா என்ற கேள்வியோடுதான் இந்த வாரம் 1987க்கு வருகிறேன்.

அன்று வந்தவாசி வடஆற்காடு மாவட்டம். திருவண்ணாமலை மாவட்டம் பிறக்க இன்னும் இரண்டு வருடம் இருந்தது. விழுப்புரமும் திண்டிவனமும் தென்னாற்காட்டில் இருந்தன. மாவட்ட எல்லை ஒன்றே தவிர, தெள்ளாறு தாண்டித் திண்டிவனம் போகிற சாலையில் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஒரே மண், ஒரே பயிர், பெண் கொடுத்துப் பெண் எடுத்த உறவு. அங்கே ஒரு தலை விழுந்தால் இங்கே ஒரு வீட்டில் ஒப்பாரி கேட்கும்.

கோரிக்கை என்ன என்பதை முதலில் சொல்லிவிட வேண்டும். இந்தப் போராட்டத்தைப் பேசுகிறவர்கள் வெட்டிய மரத்திலிருந்து தொடங்குகிறார்கள், வெட்டியவன் ஏன் ரோட்டுக்கு வந்தான் என்பதை விட்டுவிடுகிறார்கள். 1969இல் அமைத்த சட்டநாதன் ஆணையம் அப்போதே புள்ளிவிவரத்தோடு ஒன்றைச் சொல்லியிருந்தது. பிற்படுத்தப்பட்டோர் பட்டியலில் இருந்த ஒன்பது சாதிகள் அந்தப் பட்டியலின் மக்கள் தொகையில் சுமார் 11 விழுக்காடு. ஆனால் அந்தப் பட்டியலுக்குக் கிடைத்த மருத்துவப் படிப்பு இடங்களிலும், கெசட்டட் பதவிகளிலும் கிட்டத்தட்டப் பாதி அவர்களுக்கே போயிற்று. பட்டியலில் மிகவும் பின்தங்கியவர்களைத் தனியாகப் பிரியுங்கள் என்றது ஆணையம். பரிந்துரை கோப்பில் தங்கிவிட்டது. 1980இல் எம்.ஜி.ஆர். அரசு பிற்படுத்தப்பட்டோர் ஒதுக்கீட்டை 31இலிருந்து 50 விழுக்காடாக உயர்த்தியபோதும் உள்ளே பங்கு பிரியவில்லை. ஏரி நிறைந்தது, கடைமடைக்குத் தண்ணீர் வரவில்லை.

வடமாவட்டங்களில் எண்ணிக்கையில் பெரிய சாதி வன்னியர். பெரும்பாலும் சிறு விவசாயிகள், கூலிகள். 1980 ஜூலை 20 அன்று திண்டிவனத்தில் மருத்துவம் பார்த்துக்கொண்டிருந்த ச. ராமதாஸ், சிதறிக் கிடந்த 28 அமைப்புகளைச் சேர்த்து வன்னியர் சங்கத்தைத் தொடங்கினார். மாநிலத்தில் 20, மத்தியில் 2 விழுக்காடு தனி ஒதுக்கீடு என்பது கேட்பு. மனு கொடுத்தார்கள், மாநாடு போட்டார்கள். 1986இல் ஒரு நாள் சாலை மறியலும், அதன்பின் ரயில் மறியலும் நடந்தன. எதற்கும் பதில் இல்லை. கடைசியில் ஒரு வாரச் சாலை மறியலுக்கு நாள் குறித்தார்கள். 1987 செப்டம்பர் 17, பெரியார் பிறந்த நாள்.

முதலமைச்சர் அன்று ஊரில் இல்லை, அமெரிக்காவில் சிகிச்சையில் இருந்தார். முதல் நாள்தான், செப்டம்பர் 16இல், சென்னையில் தி.மு.க.வின் அண்ணா அறிவாலயம் திறப்பு. விழாவுக்குப் போன தொண்டர்கள் ஊர் திரும்புகிற சாலைகளும் மறியல் நடக்கிற சாலைகளும் ஒன்றாகவே அமைந்தன. முடிவெடுக்க வேண்டியவர் கடல் கடந்து இருக்க, முடிவு சாலையில் நின்ற போலீஸ் அதிகாரி கைக்கு வந்து சேர்ந்தது. நடந்ததில் பாதிக்கு இதுதான் காரணம் என்பது என் கணிப்பு. ஒரு வாரத்துக்கு முன்பே யாராவது ஒரு மந்திரி திண்டிவனம் வந்து ஒரு மேசைக்கு எதிரே உட்கார்ந்து பேசியிருக்கலாம்.

சென்னை – திருச்சி சாலை அன்று நால்வழி அல்ல. இருபுறமும் புளியமரம் கவிந்து, நடுப்பகலிலும் நிழல் கிடக்கும். ஒவ்வொரு மரத்துக்கும் நெடுஞ்சாலைத் துறை சுண்ணாம்புப் பட்டை அடித்து எண் போட்டிருக்கும். காய்ப்பு வந்தால் புளி ஏலம் போகும். ஏலம் எடுத்தவர் ஆளை வைத்து உலுக்குவார், பெண்கள் உட்கார்ந்து ஓடு நீக்கிக் கொட்டை எடுப்பார்கள். புளியங்கன்று நட்டவன் பெரும்பாலும் அதன் முழு நிழலில் உட்கார்வதில்லை, பேரன்தான் உட்காருவான். அந்த மரங்களை அறுத்துச் சாலைக்குக் குறுக்கே தள்ளினார்கள். நூறு பேர் மறித்து நின்றால் கலைத்துவிடலாம், மூன்று ஆள் கட்டிப்பிடிக்கிற அடிமரம் குறுக்கே கிடந்தால் அப்புறப்படுத்த ஒரு நாள் ஆகும். மறியலின் கணக்கு அது. ஒரு சமூகத்தின் முதுகில் பல ஆண்டுகளுக்கு ஏளனப் பெயராக ஒட்டிக்கொண்டதும் அதே மரங்கள்தான். உயிரைப் பற்றி ஒரு சொல் பேசாமல் மரத்துக்காக மட்டும் அழுத நகரத்துக் கண்ணீரை என்னால் இன்றும் மன்னிக்க முடியவில்லை.

ஏனென்றால் அதே சாலையில் ஆட்கள் விழுந்தார்கள்.

பார்ப்பனப்பட்டு, சித்தணி, முண்டியம்பாக்கம், ஒரத்தூர், கயத்தூர், தொடர்ந்தனூர், கோலியனூர், பண்ருட்டிப் பக்கம் சிறுதொண்டமாதேவி. விக்கிரவாண்டியிலிருந்து விழுப்புரம் போகிற வழியில் பஸ் ஜன்னலோரம் உட்கார்ந்தால் இவற்றில் பல பெயர்களைப் பலகையில் படிக்கலாம். துப்பாக்கிச் சூட்டிலும் அதை ஒட்டிய வன்முறையிலும் மொத்தம் 21 பேர் இறந்தார்கள். தலைவர் என்று சொல்ல அவர்களில் ஒருவரும் இல்லை. ஊர்க்காரர்கள், கழனியில் இறங்கி வேலை செய்கிறவர்கள்.

அந்தக் காலத்தில் போலீஸ் தோளில் இருந்தது த்ரீ நாட் த்ரீ. உலகப் போரில் பட்டாளத்துக்காகச் செய்த ரகம். அரை மைல் தாண்டியும் ஆளைக் கொல்லக்கூடிய குண்டு அது. கூட்டத்தைக் கலைக்கும் கருவியாக அதைக் கையில் கொடுத்து அனுப்பியதே பெரும் தவறு. எச்சரிக்கை செய்ய வேண்டும், தடியடி, கண்ணீர்ப்புகை எல்லாம் பயனில்லாமல் போன பிறகே சுட வேண்டும், சுட்டாலும் தாழ்த்திச் சுட வேண்டும் என்றெல்லாம் விதி இருக்கிறது. காகிதத்தில் இருக்கிற விதிக்கும் வேர்த்து விறுவிறுத்து நிற்கிற ஒரு போலீஸ்காரரின் விரலுக்கும் இடையே எவ்வளவு தூரம் என்பதை 1960இல் தென்னாப்பிரிக்காவின் ஷார்ப்வில்லில் பார்த்தது உலகம். 69 பேர் அங்கே செத்தார்கள், பலருக்குக் குண்டு பாய்ந்தது முதுகில். 2018 மே 22 அன்று தூத்துக்குடியில் நாம் மறுபடி பார்த்தோம். அன்றும் மறுநாளுமாக 13 உயிர்.

குண்டடி பட்டவனுக்கு முதல் ஒரு மணி நேரம்தான் உயிர். தொடையில் பட்டாலும் பெரிய ரத்தக்குழாய் அறுந்தால் நிமிடக் கணக்கில் ஆள் வெளுத்துப் போவான். இன்று முண்டியம்பாக்கத்தில் அரசு மருத்துவக் கல்லூரியே இருக்கிறது. அது வந்தது 2010இல். 1987இல் பெரிய வைத்தியம் என்றால் பாண்டிச்சேரி ஜிப்மர், விழுப்புரத்திலிருந்து நாற்பது கிலோமீட்டர் அளவில். வழியெல்லாம் மரம். போலீஸ் ஜீப்பை நிறுத்துவதற்காக விழுந்த மரம், குண்டடி பட்ட தம்பியைத் தூக்கிக்கொண்டு ஓடியவனையும் நிறுத்தியிருக்கும். மறியல் என்ற போராட்ட வடிவத்தைப் பற்றி யோசிக்கும்போதெல்லாம் எனக்கு இது நெஞ்சில் முள்ளாகக் குத்துகிறது.

இதுவரை சொன்னது எங்கள் பக்கத்தில் எல்லோரும் சொல்கிற கதை. இதற்கு இன்னொரு பாதி உண்டு. அதைச் சொல்லாமல் இந்த அத்தியாயத்தை முடித்தால் நான் எழுதுவது வரலாறாகாது.

அந்த வாரத்தில் தென்னாற்காட்டில் சேரிகள் எரிந்தன. மறியலுக்கு வரவில்லை என்றும், விழுந்த மரத்தை நகர்த்தினார்கள் என்றும், சொல்வதற்கு ஏதோ ஒரு காரணம் இருந்தது. அதே விழுப்புரத்தில் 1978 ஜூலையில் நடந்த கலவரத்தில் 12 தலித்துகள் கொல்லப்பட்டு ஒன்பதே ஆண்டுதான் ஆகியிருந்தது. ஆகவே ஊர்ப்பக்கம் கூச்சல் கேட்டவுடனே காலனியில் பிள்ளைகளை இழுத்துக்கொண்டு கரும்புக்கொல்லைக்குள் ஓடத் தெரிந்திருந்தது. ஆள் தப்பித்தாலும் வீடு தப்பிக்காது. கூரை வீடு பற்றினால் பத்து நிமிடம். உள்ளே தகரப் பெட்டி இருக்கும். அதில் ரேஷன் கார்டு, பிள்ளையின் மாற்றுச் சான்றிதழ், சாதிச் சான்றிதழ். இட ஒதுக்கீடு என்பது அந்த ஒரு காகிதத்தில்தான் உயிரோடிருக்கிறது. தன் பிள்ளைக்குப் படிப்பும் வேலையும் கிடைக்க வேண்டும் என்று தெருவுக்கு வந்தவர்களில் சிலர், இன்னொருவன் பிள்ளையின் சான்றிதழைக் கொளுத்தினார்கள். தனக்கு மேலே இருந்தவனிடம் கேட்க வேண்டிய பங்குக்காக, தனக்குக் கீழே என்று நினைத்தவன் கூரையில் தீ வைத்தார்கள். இதை எழுத எனக்குக் கை கூசுகிறது. ஆனாலும் இது நடந்தது.

அரசியல் பிறகு வேகமாக நகர்ந்தது. நாடு திரும்பிய எம்.ஜி.ஆர். நவம்பர் 25 அன்று சங்கத்தினரை அழைத்துப் பேசினார், அடுத்த மாதம் 24ஆம் தேதி காலமானார். ஒரு வருடம் குடியரசுத் தலைவர் ஆட்சி. 1989 ஜனவரி தேர்தலை வன்னியர் சங்கம் புறக்கணித்தது. ஆட்சிக்கு வந்த கருணாநிதி மார்ச் 28 அன்று அரசாணை போட்டார். பிற்படுத்தப்பட்டோருக்கான 50 விழுக்காட்டில் 20 பிரிந்து, மிகவும் பிற்படுத்தப்பட்டோருக்கும் சீர்மரபினருக்கும் சேர்ந்தது. கேட்டதோ ஒரு சாதிக்கு, வந்ததோ நூற்றுக்கும் மேற்பட்ட சாதிகளுக்கு. சங்கத்துக்கு அதில் மனக்குறை. ஆனால் குயவர் வீட்டுப் பிள்ளையும் வண்ணார் வீட்டுப் பிள்ளையும் மீனவர் வீட்டுப் பிள்ளையும் அந்த 20க்குள் நின்றுதான் டாக்டரானார்கள். தங்களுக்கு அறிமுகமே இல்லாத எத்தனையோ குடும்பங்களுக்காக அந்த 21 பேர் செத்திருக்கிறார்கள். அதே ஆண்டு ஜூலை 16இல் பாட்டாளி மக்கள் கட்சி பிறந்தது. ஒன்பது வருடத்தில், 1998இல், எங்கள் வந்தவாசி நாடாளுமன்றத் தொகுதியை அக்கட்சி வென்றது. அந்தத் தொகுதியே இன்று இல்லை. மறுசீரமைப்பில் ஆரணியோடு கரைந்துவிட்டது.

இறந்தவர்களுக்குக் கட்சி ஒவ்வொரு செப்டம்பர் 17 அன்றும் மாலை போட்டது. அரசு வணக்கம் சொல்ல 37 வருடம் ஆயிற்று. 2025 ஜனவரி 28 அன்று விழுப்புரம் வழுதரெட்டியில் 21 பேருக்குமான மணிமண்டபத்தை முதலமைச்சர் ஸ்டாலின் திறந்துவைத்தார். தாமதம்தான், ஆனாலும் கல்லில் பெயர் நின்றது. புருஷன் செத்தபோது இருபத்தைந்து வயதில் இருந்த ஒரு பெண்ணுக்கு அந்தத் திறப்பு நாளில் அறுபதைத் தாண்டியிருக்கும். நடுவே இருந்த வருடங்களில் நாற்று நட்டு, கடலை பறித்து, பெண்ணுக்குக் கல்யாணம் செய்து, கடன் அடைத்து முடித்திருப்பாள். தியாகி மனைவி என்று மேடையில் ஒரு சால்வை கிடைத்திருக்கும். சால்வை போட்டவர்கள் காரில் ஏறிப்போன பிறகு அவள் வீடு திரும்பியது தனியாகத்தான்.

காலில் குண்டு வாங்கி ஊனமானவர்கள், வழக்குக்காகக் கோர்ட்டுக்கு அலைந்து நிலத்தை விற்றவர்கள், எரிந்த காலனியிலிருந்து பெங்களூருக்குக் கட்டட வேலைக்குப் போய்த் திரும்பாதவர்கள், இவர்கள் எந்தப் பட்டியலிலும் இல்லை. செத்தவருக்குச் சொந்தம் கொண்டாட ஒரு இயக்கம் இருந்தால் பெயர் பிழைக்கிறது. பிழைத்துக் கிடந்து நொந்தவருக்கு அதுவும் இல்லை. 2012 நவம்பர் 7 அன்று தருமபுரி நாயக்கன்கொட்டாய் அருகே மூன்று காலனிகளில் இருநூற்றுக்கும் மேற்பட்ட வீடுகள் எரிந்தபோது, 1987ஐ நேரில் பார்த்த எங்கள் பக்கத்துக் கிழவர்களுக்கு யாரும் விளக்கம் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

போன மாதம் வந்தவாசியிலிருந்து தெள்ளாறு, திண்டிவனம் வழியாக விழுப்புரம் வரை போய்வந்தேன். 1987இல் தப்பிய புளியமரங்களும் நால்வழிச் சாலைக்காகப் போய்விட்டன. வெயில் நேராகத் தலையில் விழுகிறது. சாலையை விட்டு உள்ளே இறங்கி ஓர் ஊரில் வண்டியை நிறுத்தினேன். முகப்பில் நினைவுத் தூண், மேலே மஞ்சள் பெயின்ட், காய்ந்த மாலை. அதைக் கடந்து கால் கிலோமீட்டர் நடந்தால் காலனி. கூரை வீடுகள் இல்லை, எல்லாம் தொகுப்பு வீடு. ஒரு வீட்டுத் திண்ணையில் வெள்ளைத் தலைப் பெரியவர் ஒருவர் கோரைப் பாயில் கால் நீட்டி உட்கார்ந்திருந்தார். செப்டம்பர் 17 அன்று தூணருகே கூட்டம் நடக்குமா என்று கேட்டேன்.

"நடக்கும்பா. மைக்கு கட்டுவாங்க. இங்க வரைக்கும் நல்லாக் கேக்கும்" என்றார்.

(தொடரும்)