தீராத சோப்புக் கட்டிகள்

கருத்துக்கலை பற்றிப் பேச வருகிறபோது நாம் எல்லோரும் 1917ல் மார்ஸெல் தூஷாம்ப் புனைபெயரில் கையெழுத்திட்டு அனுப்பிய சிறுநீர்த் தொட்டியிலிருந்தே தொடங்குகிறோம். பொருளல்ல, தேர்வுதான் கலை என்பது அதன் வாதம். அப்பொருளிடம் தூஷாம்புக்கு விருப்பும் இல்லை, வெறுப்பும் இல்லை. இதே அளவுகோலுடன் ஸோங் டோங்கை அணுகினால் ஏமாந்துபோவோம். நான் ஏமாந்தேன். புகைப்படங்களில் முதலில் பார்த்தபோது, இன்னொரு குப்பைக் குவியல் என்று ஒதுக்கினேன்.

ஸோங் டோங் 1966ல் பீஜிங்கில் பிறந்தவர். 1995ல் ஒரு கல்லின்மேல் தண்ணீரால் டயரி எழுதத் தொடங்கியவர். எழுத்து காய்ந்துவிடும்; கல் மிஞ்சும். 2002ல் அவர் தகப்பனார் இறந்தார். தாயார் ஜாவ் ஷியாங்யுவான் அதன்பின் எதையுமே எறியவிடவில்லை. ஒழித்துப்போட முயன்ற பிள்ளைகளிடம் கோபித்துக்கொண்டார். காலியிடத்தை அஞ்சுகிறவரிடம் வீட்டைக் காலிசெய்யச் சொல்வது குரூரம் என்பது மகனுக்குப் பிறகுதான் உறைத்தது. 2005ல் பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட அந்தப் பொருள்களை, வீட்டின் பழைய மரச்சட்டத்தோடு சேர்த்து, பீஜிங்கில் ஒரு காட்சிக்கூடத்தில் பரப்பினார்: பற்பசைக் குழாய்கள், பாட்டில் மூடிகள், செருப்புகள், துண்டுத்துணிகள். வகை பிரித்து அடுக்கியவர் தாயார். வந்தவர்களோடு பேசியவரும் அவரே.

அவற்றில் சோப்புக் கட்டிகளும் உண்டு. 1950களின் நடுவில் சீனாவில் துணிக்குக் கூப்பன் வந்து ஏறக்குறைய முப்பது ஆண்டுகள் நீடித்தது. சோப்புக்கும் அளவு இருந்தது. தன் பிள்ளைகள் காலத்திலும் தட்டுப்பாடு வரும் என்று அஞ்சிய தாய் சோப்பை மிச்சம் பிடித்தாள். சீக்கிரம் கரையாதிருக்கக் காயவைத்தாள். மகனின் கல்யாணத்தின்போது அவற்றைக் கொடுத்தாள். எங்களிடம் துவைக்கும் இயந்திரம் இருக்கிறது, வேண்டாம் என்றான் மகன். அவளும் பேசாமல் திரும்ப எடுத்து வைத்துக்கொண்டாள்.

சரித்திரம் என்று நான் சொல்ல வருவது இந்த மறுப்பைத்தான். கூப்பன் முறையின் தொடக்கத்தையும் முடிவையும் அரசாங்கக் காகிதங்கள் சொல்லும். பயம் அதே தேதியில் முடிவதில்லை. தேவை தீர்ந்த பிறகும் சேமிப்பு தொடர்ந்த அந்த இடைவெளிக்குச் சோப்பைத் தவிர வேறு சாட்சியம் இல்லை. இதை மாவோ காலத்தின் மீதான கண்டனம் என்று மட்டும் வாசிப்பதும், தாய்ப்பாசம் என்று உருகுவதும் ஒரே சோம்பேறித்தனத்தின் இரு முகங்கள்.

ஆனாலும் ஒரு சந்தேகம் எனக்குத் தீரவில்லை. 2009 துவக்கத்தில் தாயார் இறந்தார். அதே ஆண்டு இப்படைப்பு நியூயார்க் நவீனக் கலை மியூசியத்தில் வைக்கப்பட்டது. அடுக்கும் பொறுப்பு குடும்பத்தாருக்கு வந்தது. எந்தப் பொருள் எதன் பக்கத்தில் என்பது அதுவரை ஒருத்தியின் ஞாபகமாக இருந்தது. இனி அது ஞாபகத்தின் பிரதி. ஒன்றையும் வீணாக்காதே என்பதே படைப்பின் சீனப் பெயர் சொல்வது. மியூசியத்திலும் எதுவும் வீணாவதில்லை; ஆனால் அங்கே எதுவும் உபயோகமாவதுமில்லை. அந்தச் சோப்பால் இனி ஒருவரும் துணி துவைக்கப்போவதில்லை.

எனக்கென்னவோ, மகன் வேண்டாம் என்ற கணத்தில்தான் அது கலையாயிற்று என்று படுகிறது. அதை அவர் மறைக்காமல் சொல்லியிருப்பதால்தான் அவரை நம்புகிறேன்.