கோவளத்து உப்பளமும் தேவைக் கோட்பாடும்

ஒரு பண்டத்தின் நுகர்வு கூடக்கூட அதன் இறுதிநிலைப் பயன்பாடு குறையும். இக்குறைவே தேவைக் கோட்டைக் கீழ்நோக்கிச் சரியச் செய்கிறது என்பது நுண்பொருளியலின் அடிப்படை. ஜெவன்சும் மெங்கரும் 1871இல் தனித்தனியே வகுத்த இக்கருத்தை விரித்த ஆல்பிரட் மார்ஷல், 1890இல் வெளிவந்த தம் பொருளியல் நூலில், இங்கிலாந்தில் உப்பு மிக மலிவானதால் விலை மேலும் குறைந்தாலும் நுகர்வு பெருகுவது ஐயமே என்றார். கோவளம் உப்பளங்களை உள்ளடக்கிய சென்னை மாகாணத்திற்கு இக்கூற்றுப் பொருந்துமா என்பதே இக்கட்டுரையின் வினா.

உப்பைப் பண்டமாற்றில் வைத்து மதிப்பிட்ட மரபு தமிழருக்குப் பழையது. நெல்லும் உப்பும் ஒத்த அளவில் மாற்றப்பட்டதை அகநானூற்றின் 140, 390ஆம் பாடல்கள் காட்டுகின்றன. நெய்தல் நிலத்தில் மிகுதியாகக் கிடைத்த உப்பின் இறுதிநிலைப் பயன்பாடு அங்குக் குறைவு. மருதத்தில் நெல்லுக்கும் அதே நிலை. எனவே மாற்றம் இருவர்க்கும் ஆதாயமாயிற்று.

1805இல் கிழக்கிந்தியக் கம்பெனி உப்பைத் தன் தனியுரிமையாக்கியபின் விலையை அரசே முடிவு செய்தது. மணங்கு ஒன்றுக்கு 1882இல் ரூ. 2 ஆக இருந்த வரி, 1888இல் ரூ. 2½ ஆக உயர்ந்தது. பின்னர் 1903, 1905, 1907ஆம் ஆண்டுகளில் படிப்படியாக ரூ. 1 ஆகக் குறைந்தது. வரி குறைந்தபின் நுகர்வு பெருகியது. மார்ஷலின் கூற்று இங்குப் பொருந்தாமைக்கு இரு காரணங்களைச் சுட்டலாம். ஒன்று, வறியோர் வருமானத்தில் உப்புச் செலவு புறக்கணிக்கத்தக்கதாக இல்லை. விலை வீழ்ச்சி அவர்களுக்கு வருமான உயர்வாகவும் அமைந்தது. மற்றொன்று, உப்பின் பயன்கள் பல. உலைக்கு இடும் உப்பை எவரும் எளிதில் குறைப்பதில்லை. ஊறுகாய்க்கும் கால்நடைக்கும் கருவாட்டுக்கும் உரிய உப்பே முதலில் குறையும். ஆகவே உப்பின் தேவை நெகிழ்ச்சியற்றது என்று ஒரே சொல்லில் முடிப்பது, உணவுத் தட்டை மட்டும் பார்த்துச் சொன்ன முடிவாகும்.

கோவளம் போன்ற மீனவர் ஊர்களில் இது தெளிவாக விளங்கும். கரைசேர்ந்த மீனில் அன்றே விற்காததைக் கருவாடாக்க உப்பு வேண்டும். வரியேறிய உப்பின் விலையைக் கருவாட்டின் விலை தாங்காதபோது, மீனவர் உவர்மண்ணை நாடினர். அல்லது உப்பின்றி வெயிலில் உலர்த்தினர். பொருளியலார் பதிலீட்டுப் பண்டம் என்பது இதனையே. சட்டமோ உவர்மண் எடுப்பதைக் குற்றமாக்கியது! இதன் தீங்கை உணர்ந்த அரசு, 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் கடற்கரை நெடுகிலும் மீன் பதனிடும் களங்களை நிறுவி, அங்கு மட்டும் வரியில்லா உப்பை வழங்கியது. கருவாட்டு உப்பின் தேவை நெகிழ்ச்சியுடையது என்பதை அரசு நடைமுறையில் ஒப்புக்கொண்டதற்கு இதைவிடச் சான்று வேண்டுவதில்லை.

ஆயினும் வருவாய் முடை நேர்ந்தபோது இப்பட்டறிவு மறக்கப்பட்டது. ரூ. 1¼ ஆக இருந்த வரியை 1923இல் இருமடங்காக்கும் முன்மொழிவை மத்திய சட்டமன்றம் ஏற்கவில்லை. அரசப் பிரதிநிதி ரெடிங் தம் தனி அதிகாரத்தால் அதனை நிறைவேற்றினார். அடுத்த ஆண்டே வரி மீண்டும் ரூ. 1¼ ஆயிற்று.