தூணும் மணலும் கல்லறையும்

(வானொலியில் ஆற்றிய மறையுரையின் எழுத்து வடிவம்)



ஆகஸ்ட் மாதத்தில் இரண்டு நாட்கள் நமக்கு முக்கியமானவை. ஒன்று ஆகஸ்ட் 14. 1941-ஆம் ஆண்டு அந்த நாளில்தான், ஆஷ்விட்ஸ் வதைமுகாமில், முன்பின் பழக்கமில்லாத ஒரு குடும்பத்தலைவனுக்குப் பதிலாகத் தம் உயிரைக் கொடுத்தார் புனித மாக்சிமிலியன் கோல்பே. மற்றது ஆகஸ்ட் 10. 1741-ஆம் ஆண்டு அந்த நாளில்தான் குளச்சல் போர் முடிந்தது. (ஜூலை 31 என்று குறிக்கும் நூல்களும் உண்டு.) முதல் நாள் நம் வழிபாட்டு நாட்காட்டியில் இருக்கிறது. இரண்டாவது நாளை நம் பிள்ளைகளிடம் கேட்டுப் பாருங்கள். பத்துப் பேரில் இரண்டு பேர் சொன்னால் அதிகம்.

இந்த இரண்டும் சேர்ந்து நம் மனதில் வந்ததற்கு ஒரு காரணம் உண்டு. நம் பங்கைச் சேர்ந்த ஓர் இளைஞர் ஐரோப்பாவில் வேலை பார்க்கிறார். விடுமுறையில் போலந்து நாட்டின் கிராகோவ் நகரத்துக்குப் போயிருக்கிறார். அங்கே ஒரே நாளில் இரண்டு இடங்களைக் காட்டிவிடும் சுற்றுலா வண்டிகள் உண்டாம். காலையில் ஆஷ்விட்ஸ், மாலையில் வியலிச்கா உப்புச் சுரங்கம். ஆஷ்விட்ஸ் ஏறத்தாழ 11 லட்சம் பேர் கொல்லப்பட்ட இடம். வியலிச்காவில், தரைக்கு 101 மீட்டர் கீழே, புனித கிங்கா பெயரில் ஒரு சிற்றாலயம் இருக்கிறது. பீடம், சுரூபங்கள், சரவிளக்கின் மணிகள் எல்லாம் உப்புதான். சுரங்கத் தொழிலாளர்கள் தங்கள் கையால் செதுக்கியவை. படங்களை அனுப்பிவிட்டு அவர் எழுதினார்: "பாதர், காலைல பார்த்தது கண்ணை விட்டுப் போகல. சாயங்காலம் அந்தக் கோயிலைப் பார்த்தும் ரசிக்க முடியல. ஆனா மண்ணுக்கு அடியில போய்ச் செபிச்சது மறக்காது."

ஒரே நாளில் இரண்டையும் திணிப்பது சரியா என்று நமக்கு முதலில் ஒரு நெருடல். பிறகுதான் வெட்கமாக இருந்தது. அவர்கள் கடல் கடந்து வந்து பார்ப்பவர்களுக்குக் காட்டுகிறார்கள். நம் வீட்டு வாசலிலேயே ஒரு போர் நினைவுச் சின்னமும் ஒரு சுரங்கமும் இருக்கின்றன. நம் மறைக்கல்வி மாணவரை ஒரு நாளாவது அங்கே கூட்டிச் சென்றோமா?

அப்படித்தான் ஒரு சனிக்கிழமை, ஒரு பேருந்து நிறையப் புறப்பட்டோம். மறைக்கல்வி மாணவர்கள், இளைஞர் இயக்கத்தினர், அன்பியங்களிலிருந்து சில பெரியவர்கள். முதலில் குளச்சல் வெற்றித்தூண்.

தூணைச் சுற்றி நிற்க வைத்துக் கதையைச் சொன்னோம். அன்று மிளகுதான் பொன். மிளகு வாங்கச் சிற்றரசர்களோடு டச்சு கிழக்கிந்தியக் கம்பெனி ஒப்பந்தம் வைத்திருந்தது. அந்தச் சிற்றரசுகளைத் திருவிதாங்கூர் மன்னர் மார்த்தாண்ட வர்மா ஒவ்வொன்றாகத் தம் நாட்டோடு சேர்க்கத் தொடங்கினார். இலங்கையின் டச்சு ஆளுநர் வான் இம்ஹாஃப் நேரிலேயே வந்து மிரட்டிப் பார்த்தார், மன்னர் அசையவில்லை. பிறகு இலங்கையிலிருந்து கப்பல்கள் வந்தன. குளச்சலில் இறங்கிய படை கரையோரத்தில் அரண் அமைத்துக்கொண்டது. திருவிதாங்கூர்ப் படை அதை வளைத்தது. ஜாவாவில் அப்போது நடந்த போரில் கம்பெனி சிக்கியிருந்ததால் பத்தாவியாவிலிருந்து உதவிப்படை வரவில்லை. கடைசியில் அரணுக்குள் வெடிமருந்து தீப்பற்றி, சேமித்த அரிசியும் எரிந்துபோனது. பட்டினி கிடந்த படை சரணடைந்தது. சிறைப்பட்ட ஐரோப்பியர் 24 பேர் என்று வரலாற்று நூல்கள் சொல்கின்றன.

ஐரோப்பியரை வென்ற முதல் ஆசியப் போர் இதுதான் என்று மேடைகளில் முழங்குவார்கள். நமக்கும் அப்படிச் சொல்ல ஆசைதான். ஆனால் 1662-லேயே தைவான் தீவிலிருந்து இதே டச்சுக்காரரைச் சீனத் தளபதி கொக்சிங்கா விரட்டிவிட்டார். பிள்ளைகளுக்கு உள்ளதைச் சொல்வோம். உள்ளதே நமக்குப் போதுமான பெருமை. மெட்ராஸ் ரெஜிமெண்ட் வீரர்கள் இன்றும் அந்தத் தூணுக்கு வந்து மரியாதை செலுத்துகிறார்கள்.

இங்கே நம்மோடு வந்த ஒரு பெரியவர் குறுக்கிட்டார். அறுபதைத் தாண்டிய கடல் தொழிலாளி. "மக்கா, எங்க ஆளுவளைப் பத்தி பாதர் சொல்லலியே" என்றார். குளச்சல் ஊரில் வழிவழியாகச் சொல்லும் கதை அது. கரையில் படைவீரர் குறைவாக இருந்தபோது, முக்குவர் மக்கள் துடுப்புகளைத் துப்பாக்கி போலத் தோளில் சாய்த்து வரிசையாக நின்றார்களாம். கப்பலில் இருந்து பார்த்தவன் பெரும்படை என்று பயந்தானாம். இது ஆவணத்தில் உள்ளதா என்று கேட்டால் ஊர் வாய்தான் ஆவணம். ஆனால் ஒன்று உறுதி. புனித பிரான்சிஸ் சவேரியார் 1544-இல் இந்தக் கடற்கரையில் ஒரே மாதத்தில் பத்தாயிரத்துக்கு மேற்பட்டோருக்குத் திருமுழுக்குக் கொடுத்தார். அப்படியென்றால் போர் நடந்தபோது இந்தக் கரை ஏறத்தாழ இருநூறு ஆண்டுகளாகக் கத்தோலிக்கக் கரை. குண்டு விழுந்ததும் கொள்ளை நடந்ததும் நம் முன்னோரின் குடிசைகளில்தான். தூணில் அவர்கள் பெயர் இல்லை.

குளச்சலிலிருந்து மணவாளக்குறிச்சி. வண்டியிலிருந்து இறங்கியதும் ஒரு சிறுவன் கேட்டான்: "பாதர், சுரங்கம் எங்க?" அவன் தலைவிளக்கு வைத்த தொப்பியையும் இருட்டுக் குகையையும் எதிர்பார்த்து வந்திருக்கிறான். "நீ நிற்கிற இடம்தான்" என்றோம். நம்பவில்லை. உலகத்தில் பலர் நூற்றுக்கணக்கான மீட்டர் குடைந்து தேடுவதை, நமக்கு மழையும் ஆறும் மலையிலிருந்து அரித்துக் கொண்டுவந்து, கடல் அலசிக் கரையில் போட்டிருக்கிறது. கறுப்பாகத் தெரிவது இல்மனைட், சிவப்பாக மினுங்குவது கார்னெட். அவற்றோடு ரூட்டைல், சிர்க்கான், சிலிமனைட், மோனசைட்.

மணல் ஆலையில் வேலை பார்த்து ஓய்வுபெற்ற ஒரு சகோதரர் எங்களுக்கு வழிகாட்டியாக வந்தார். நாங்கள் ஆலைக்குள் போகவில்லை, கரையில் உட்கார்ந்துகொண்டோம். பழைய ஒலிபெருக்கியிலிருந்து கழற்றிய காந்தத்தை ஒரு தாளுக்கு அடியில் பிடித்து, மேலே உலர்ந்த மணலைத் தூவினார். கறுப்பு மணல் மட்டும் காந்தத்தோடு ஓடியது. வெள்ளை மணல் அப்படியே கிடந்தது. பிள்ளைகள் முண்டியடித்துக்கொண்டு பார்த்தார்கள். ஆலையில் நடப்பதும் அடிப்படையில் இதுதான் என்றார். முதலில் தண்ணீரில் சுழலவிட்டு, கனமான மணலை லேசான மணலிலிருந்து பிரிப்பார்கள். பிறகு காந்தத்தால் ஒரு பிரிவு. மின்சாரத்தைக் கடத்துகிறதா இல்லையா என்று பார்த்து இன்னொரு பிரிவு. ஒவ்வொரு மணிக்கும் ஒரு குணம் உண்டு. அதைத் தெரிந்துகொண்டால் பிரித்துவிடலாம்.

இது வெளியுலகுக்குத் தெரியவந்த கதையை நாம் சொன்னோம். 1909-இல் ஷோம்பெர்க் என்ற ஜெர்மானிய வேதியியலாளர், திருவிதாங்கூரிலிருந்து போன தென்னங்கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட்டைக் கண்டுபிடித்தார். கயிறு திரித்தது நம் பெண்கள். மணல் தற்செயலாகக் கூடவே போயிருக்கிறது! அன்று ஐரோப்பியத் தெருக்களில் எரிந்தவை காஸ் விளக்குகள். பெட்ரோமாக்ஸ் பார்த்தவர்களுக்குத் தெரியும், அந்த வெள்ளை வலை, மாண்டில். அது பளீரென்று எரியக் காரணம் தோரியம். அந்தத் தோரியம் மோனசைட்டில் இருக்கிறது. மணவாளக்குறிச்சியில் ஆலை வந்தது. 1914-இல் உலகப்போர் மூண்டதும் தொழில் ஜெர்மானியர் கையைவிட்டு ஆங்கிலேயர் கைக்குப் போனது. மின்விளக்கு வந்தபின் மாண்டிலுக்கு மதிப்புக் குறைந்தது. இல்மனைட் வெள்ளை வர்ணத்துக்குப் பயன்பட்டது. பிறகு அணுயுகம். தோரியத்திலிருந்து அணு எரிபொருள் செய்யலாம் என்றதும் இந்த மணல் நாடுகளுக்கு இடையே பேரம் பேசும் பொருளாயிற்று. 1947-இல் திருவிதாங்கூரைத் தனிநாடாக அறிவிக்க முயன்ற திவான் சர் சி.பி. ராமசாமி ஐயருக்கு இந்த மணலும் ஒரு தைரியம். விடுதலைக்குப் பின் 1950-இல் இந்திய அருமணல் நிறுவனம் உருவானது. மணவாளக்குறிச்சி ஆலை 1965 முதல் அதன்கீழ் இயங்குகிறது.

மிளகுக்காக வந்தார்கள், பிறகு மணலுக்காக வந்தார்கள்.

திரும்பி வண்டியில் ஏறியதும் வாக்குவாதம் வந்துவிட்டது. துடுப்புக் கதை சொன்ன அந்தப் பெரியவர், "வலை உலர்த்த எடமில்ல பாதர். சின்ன வயசுல நாங்க பந்து விளையாடின கரை இப்ப தண்ணிக்குள்ள. வீட்டுக்கு ஒருத்தர் புத்துநோயின்னு கெடக்கோம்" என்றார். பின் இருக்கையிலிருந்த ஒரு பெண் எழுந்தார். "எங்கப்பா மணல் வேலைக்குப் போன சம்பளத்துலதான் நான் நர்சிங் படிச்சேன். அந்த வேலையும் வேண்டாம்னா எங்க போறது?" வண்டி இரண்டு கட்சியாகிவிட்டது. கிள்ளியூர் வட்டாரக் கடற்கரையில் புதிதாக மணல் எடுக்கும் திட்டத்தை எதிர்த்து மக்கள் திரண்ட செய்திகளை நீங்களும் அறிவீர்கள். அந்தக் காயம் ஆறவில்லை.

கடல் அரிப்புக்குக் காரணங்கள் பல. மோனசைட் உள்ள கரையில் இயற்கையாகவே கதிரியக்கம் அதிகம் என்பதும் உண்மை. தோரியம் பாதியாகக் குறையவே 1400 கோடி ஆண்டுகள் ஆகும். எது எதனால் என்று பீடத்திலிருந்து தீர்ப்புச் சொல்ல நமக்கு அறிவும் இல்லை, அதிகாரமும் இல்லை. ஆனால் அந்தப் பெரியவரின் பயத்தை அறியாமை என்று ஒதுக்குவதும், அந்தப் பெண்ணின் சோற்றைத் துரோகம் என்று தூற்றுவதும் பாவம். ஒரு கரையைத் தோண்டுவதற்கு முன் அங்கே குடியிருப்பவனை உட்காரவைத்து, அவனுக்குப் புரியும் மொழியில் பேசி, அவன் வேண்டாம் என்றால் அதைக் காதில் வாங்க வேண்டும். இதை நாம் எந்த மேடையிலும் சொல்வோம்.

கடைசியாக, புலியூர்க்குறிச்சியில் உள்ள உதயகிரிக் கோட்டை. வண்டியில் ஒருவரோடு ஒருவர் பேசாமல்தான் வந்து சேர்ந்தார்கள்.

கோட்டைக்குள் கூரையில்லாத ஒரு சிற்றாலயம். அங்கேதான் யூஸ்டாக்கியுஸ் டிலனாய் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார். குளச்சலில் சிறைப்பட்டவர்களில் ஒருவர். பத்மநாபபுரம் அரண்மனை ஓவியத்தில் மன்னர் முன் பணிந்து நிற்பவர். அவரை மன்னர் கொல்லவில்லை. படைக்குப் பயிற்சி கொடுக்கச் சொன்னார். உதயகிரிக் கோட்டையையும் வட்டக்கோட்டையையும் கட்டிப் பலப்படுத்தியவர் அவர்தான். 'வலிய கப்பித்தான்' என்று மக்கள் அழைத்தார்கள். 1777-இல் இறக்கும்வரை ஊர் திரும்பவில்லை. கல்லறையில் லத்தீனிலும் தமிழிலும் எழுத்துகள் உள்ளன. அருகே அவருடைய மனைவி. களக்காட்டுப் போரில் இளவயதில் இறந்த மகன்.

இந்த டிலனாயிடம்தான் நட்டாலத்து நீலகண்ட பிள்ளை நம் ஆண்டவரைப் பற்றிக் கேட்டறிந்தார். 1745-இல் வடக்கன்குளத்தில் திருமுழுக்குப் பெற்றுத் தேவசகாயம் ஆனார். 1752 ஜனவரி 14 அன்று ஆரல்வாய்மொழிக் காற்றாடிமலையில் சுட்டுக் கொல்லப்பட்டார். 2022 மே 15 அன்று திருத்தந்தை பிரான்சிஸ் அவரைப் புனிதராக உயர்த்தியபோது நாம் எவ்வளவு மகிழ்ந்தோம்! அவர் கொல்லப்பட்டபோது ஆட்சியில் இருந்தவர் யார்? காலையில் எந்த மன்னரின் வெற்றித்தூண் முன்னால் நின்று படம் எடுத்தோமோ, அதே மார்த்தாண்ட வர்மா. இதை நாம் சொன்னபோது பிள்ளைகள் மௌனமானார்கள். ஒரு மாணவி கேட்டாள்: "அப்போ அந்தத் தூணை நாம கொண்டாடலாமா, கூடாதா பாதர்?"

உடனே பதில் சொல்ல நமக்கு வரவில்லை. எதிரியாக வந்தவனுக்குப் பதவி கொடுத்த கை, தன் சொந்தக் குடிமகனின் மனசாட்சிக்கு இடம் கொடுக்கவில்லை. இரண்டும் ஒரே கைதான். எந்த மன்னனையும் முழுதாக நம்முடையவன் என்று சொல்லிவிட முடியவில்லை. கொண்டாடுவதை விட்டுவிட்டு, குளச்சலில் இறந்தவர்களுக்காகச் செபிக்கலாம் என்று மட்டும் சொன்னோம். இத்தனை ஆண்டுகளில் அதை நாம் ஒருமுறைகூடச் செய்ததில்லை.

கல்லறையைச் சுற்றி நின்று மன்றாட்டுகளைத் தொடங்கினோம். திருவிதாங்கூர்ப் படையில் இறந்தவர்களுக்காக. டச்சுக் கப்பலில் வந்து, பெயர் தெரியாமல் நம் மணலில் புதைந்தவர்களுக்காக. முடிக்கப்போகும்போது அந்தப் பெரியவர் கையை உயர்த்தினார். "துடுப்பு பிடிச்சு நின்னவனுக்கும் சேத்துச் சொல்லுங்க பாதர்." சொன்னோம். பிறகு அந்த நர்ஸ் பெண், யாரும் கேட்காமலே, "மணல் அள்ளுகிறவர்களுக்காகவும்" என்றார். பெரியவர் திரும்பிப் பார்த்தார். ஒன்றும் பேசவில்லை. மற்றவர்களோடு சேர்ந்து, "ஆண்டவரே, எங்கள் மன்றாட்டைக் கேட்டருளும்" என்றார்.

அடுத்த மாதம் இரண்டாம் சனிக்கிழமை இதே பயணம் மறுபடியும் உண்டு. இந்த முறை முதலில் உதயகிரி, பிறகு குளச்சல், கடைசியில் மணவாளக்குறிச்சி என்று மாற்றியிருக்கிறோம். வர விரும்புவோர் தங்கள் அன்பிய ஒருங்கிணைப்பாளரிடம் பெயர் கொடுக்கலாம். பிள்ளைகள் ஆளுக்கொரு காந்தம் கொண்டுவரட்டும்.