கூடலும் குறவஞ்சியும்

எல்லா மதத்து ஞானிகளும் கடைசியில் ஒரே இடத்தில்தான் போய்ச் சேர்கிறார்கள் என்ற பேச்சு நம்மிடையே ரொம்ப சௌகரியமாகப் புழங்கி வருகிறது. மன்ஸூர் அல் ஹல்லாஜ், மாணிக்கவாசகர், ஜெர்மானிய எக்ஹார்ட் என்று மூன்று பெயர்களை ஒரே மூச்சில் சொல்லிவிட்டால் காரியம் முடிந்தது. நல்லெண்ணத்தில் சொல்வதுதான், மறுக்கவில்லை. ஆனால் இதில் ஒரு சோம்பல் இருக்கிறது. ஹல்லாஜ் 922இல் பாக்தாதில் கொல்லப்பட்டார் (அதில் அரசியலும் கலந்திருந்தது, வேறு விஷயம்). எக்ஹார்ட்டின் வாசகங்களை 1329இல் போப் கண்டித்தார். அவர்கள் சொன்னது எல்லோருக்கும் பொதுவான ஒன்றாக இருந்திருந்தால் சொந்த மதத்துக்குள்ளேயே இவ்வளவு கலவரம் ஏன் என்று யாரும் கேட்பதில்லை.

இந்தக் கேள்வியைத் தத்துவ நூல்களை விட்டுவிட்டு ஒரு இலக்கிய வடிவத்தின் வழியாகக் கேட்டுப் பார்க்கலாம் என்று எனக்குத் தோன்றியது. அந்த வடிவம் குறவஞ்சி. அதற்குத் தென்காசிக்கும் குற்றாலத்துக்கும் இடையிலுள்ள நாலைந்து கிலோமீட்டர் சாலையே ஆரம்பத்துக்குப் போதும்.

சாலையின் ஒரு முனையில் பராக்கிரம பாண்டியன் 1446இல் கட்டத் தொடங்கிய காசி விசுவநாதர் கோயில். மறுமுனையில் குற்றாலநாதரும் சித்திர சபையும். நடுவே மேலகரம், திரிகூடராசப்பக் கவிராயரின் ஊர். (பிற்காலத்தில் திருவாவடுதுறை ஆதீனத்துக்குத் தலைவரான சுப்பிரமணிய தேசிகரும் இதே மேலகரம்தான். மீனாட்சிசுந்தரம் பிள்ளையையும் உ.வே.சா.வையும் ஆதரித்தவர்.) கவிராயரின் திருக்குற்றாலக் குறவஞ்சிக்காக மதுரை முத்துவிஜயரங்க சொக்கநாத நாயக்கர் (ஆட்சி 1706-1732) கொடுத்த நிலத்துக்குக் குறவஞ்சி மேடு என்றே பெயர். இதெல்லாம் பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கும் தெரியும்.

அதே தென்காசியில், கவிராயருக்கு முந்திய நூற்றாண்டில், பீர் முகம்மது அப்பா பிறந்தார் என்பது மரபு. பிறகு மலையேறித் தவமிருந்ததாகவும், பீர்மேடு என்ற பெயரே அவரால் வந்ததென்றும் சொல்வார்கள். தக்கலையில் தறி போட்டுப் பிழைத்தார், அங்கேயே அடங்கினார். ரஜப் மாதத்தில் ஒரு ராத்திரி முழுக்க அவருடைய ஞானப்புகழ்ச்சியை ஊர்க்காரர்கள் கூடிப் பாடுகிறார்கள். வித்வான்கள் அல்ல, கடைக்காரர்களும் தொழிலாளிகளும்தான். அவர் எழுதியவற்றில் ஒன்று ஞானரத்தினக் குறவஞ்சி. ஆக, தென்காசி மண்ணின் குறவஞ்சி என்றால் முதலில் சொல்ல வேண்டியது ஒரு ஸூஃபியுடையதை. நம் இலக்கிய வரலாறுகள் இதை 'இஸ்லாமியர் தமிழ்த் தொண்டு' என்ற தனி அறையில் பூட்டி வைத்திருக்கின்றன.

மூன்றாவதும் உண்டு. திருநெல்வேலியில் 1774இல் பிறந்து தஞ்சாவூரில் ஷ்வார்ட்ஸ் ஐயரிடம் வளர்ந்த வேதநாயகம் சாஸ்திரியார் 1800இல் பெத்லகேம் குறவஞ்சி செய்தார். ஒரே சீமையில் வேர்கொண்ட மூன்று பேர், மூன்று மதம், ஒரே வடிவம். 'ஒரே இடம்' கட்சிக்காரர்கள் இதைக் கேட்டால் கைதட்டுவார்கள். கொஞ்சம் பொறுக்கட்டும்.

குறவஞ்சியின் எலும்புக்கூடு எளியது. தலைவன் உலா வருகிறான். தலைவி பார்த்து மயங்குகிறாள். குறத்தி வந்து கை பார்த்துக் குறி சொல்லிப் பரிசு வாங்கிப் போகிறாள். அவளைத் தேடி அவள் புருஷன் சிங்கன் வருகிறான். இருவரும் சேர்கிறார்கள். இந்த எலும்புக்கூட்டை மூவரும் எடுத்துக்கொண்டார்கள். எதை வைத்துக்கொண்டார்கள், எதை வெட்டியெறிந்தார்கள் என்று பார்த்தால்தான் அவரவர் இறையியல் வெளியே வருகிறது.

குற்றாலத்தில் வசந்தவல்லிக்கும் குற்றாலநாதருக்கும் கூடல் நம் கண்முன் நடப்பதில்லை. அவர் வருவார் என்று குறி கிடைக்கிறது, அவ்வளவுதான். நூல் அவளை அங்கேயே விட்டுவிட்டுச் சிங்கன் பின்னால் போய்விடுகிறது. தெய்வக் கூடல் வாக்காக நிற்கிறது, மனிதக் கூடல் நடந்து முடிகிறது. டி.கே.சி. (1882-1954) குற்றாலத்திலேயே இருந்துகொண்டு வந்தவர்களுக்கெல்லாம் இந்த நூலைச் சுவைத்துக் காட்டினார். அந்தக் கடனை மறக்க முடியாது. ஆனால் அவர் வழிவந்த ரசனை குரங்குகள் வரும் பாட்டிலேயே தங்கிவிட்டது. வசந்தவல்லி ஏன் காத்திருக்கிறாள் என்பது அதற்குக் கேள்வியே இல்லை.

எனக்குப் படுவது இது. சைவ சித்தாந்தத்தில் உயிர் இறைவனோடு கூடினாலும் உயிராகவே இருக்கிறது. பதினாலாம் நூற்றாண்டில் உமாபதி சிவம் திருவருட்பயனில் இதற்கு உவமையைப் புணர்ச்சி இலக்கணத்திலிருந்து எடுத்தார். தாள், தலை இரண்டும் சேர்ந்தால் தாடலை. ளகரமும் தகரமும் போய் ஒரு டகரம் நிற்கிறது, ஆனால் சொல் இரண்டு என்பது கேட்பவனுக்குத் தெரிகிறது. கூடலைச் சொல்ல இதைவிடத் தமிழான உவமையை நான் கண்டதில்லை. அனுபவிக்க ஒருத்தி மிச்சம் இருந்தாக வேண்டும் என்பதுதான் அதன் சாரம். கவிராயர் சித்தாந்தத்தைப் பாட்டாக எழுதினார் என்று நான் சொல்லவில்லை. அந்த உலகத்தில் வசந்தவல்லி கரைந்து போக வேண்டிய அவசியம் இல்லை. அவள் இருக்கலாம், காத்திருக்கலாம்.

பீர் முகம்மது அப்பாவின் நூலில் அவள் இல்லவே இல்லை. உலாவும் இல்லை, மயக்கமும் இல்லை. சிங்கன் கேட்கிறான், சிங்கி பதில் சொல்கிறாள், அதுதான் நூல். இது வெறும் சுருக்கம் அல்ல. இப்னு அரபி (1165-1240) வழிவந்த உள்ளமை ஒன்றே என்ற தரிசனத்தில் வெளியே நின்று ஏங்க இரண்டாவது ஆள் ஏது? பிரிவே பொய் என்றால் விரகத்துக்கு இடமில்லை. அறியாமைக்கு மட்டும் இடம் உண்டு, எனவே வினாவிடை. ஸூஃபிகள் எல்லோரும் காதலைக் கைவிட்டார்கள் என்று இதற்கு அர்த்தமில்லை. குணங்குடி மஸ்தான் (இறப்பு 1838) ஆண்டவனையே மனோன்மணி என்று பெண்ணாக்கிக் கூப்பிட்டவர். அங்கே ஏங்குவது ஆண். பக்தியில் கவி பெண்ணாகிறான், இவரிடம் கடவுள் பெண்ணாகிறான். இதையும் 'ஒன்றுதான்' என்று தள்ளிவிட முடியுமா?

சாஸ்திரியாரிடம் தலைவி திரும்பி வருகிறாள், தேவமோகினி என்ற பெயரில். ஆனால் அவள் தனி ஒருத்தி அல்ல, திருச்சபை. கிறிஸ்து மணவாளன். ஐரோப்பாவில் அவிலா தெரேசா தனி ஆத்மாவின் மணத்தைப் பற்றி எழுதியதற்கு எதிர்ப்பக்கம் இது. புராட்டஸ்டண்ட் தஞ்சாவூரில் மணமகள் ஒரு சமூகம். படைக்கப்பட்டது படைத்தவனாவது என்ற பேச்சே இங்கே எழாது.

தஞ்சாவூரைப் பற்றிச் சொன்னதால் இன்னொன்று. சாஸ்திரியார் பாடிக்கொண்டிருந்த அதே சரபோஜி காலத்தில் சரபேந்திர பூபாலக் குறவஞ்சியும் எழுந்தது. அதில் தலைவன் ராஜா. கடவுள் இருந்த இடத்தில் சம்பளம் கொடுக்கிறவரை உட்கார வைத்தாலும் வடிவம் உடையவில்லை. ஆகவே வடிவம் பொதுவாக இருப்பதைக் காட்டி அனுபவம் பொதுவானது என்று நிரூபிக்க முடியாது.

பொதுவாக இருந்தது வேறு ஒன்று. அண்டை வீட்டுக்காரனின் நாக்கு. தென்காசிக்குத் தென்கிழக்கே பொட்டல்புதூர் தர்கா கோயில் பாணியில் கட்டப்பட்டிருக்கிறது. இந்துக்களும் போகிறார்கள். அங்கே போகிறவர் எவரும் வஹ்தத்துல் வுஜூதைப் பற்றிக் கவலைப்படுவதில்லை. அதை வைத்து இரண்டு மதமும் கலந்துவிட்டது என்பதும் மிகை. கலப்புக்கு இனிமையான முகம் மட்டும் இருந்ததில்லை என்பதற்கும் குற்றாலமே சாட்சி. அங்கே இருந்த திருமால் உருவத்தை அகத்தியர் தலையில் கைவைத்து அழுத்திச் சிவலிங்கமாக்கினார் என்பது தலபுராணக் கதை. அந்தத் தலபுராணத்தைப் பாடியவரும் நம் கவிராயரே. காதலைப் பாடிய அதே கை.

இன்று இந்தப் பாட்டுகளுக்கு இரண்டு பக்கமும் நெருக்கடி. தர்கா மரபே மார்க்கத்துக்கு விரோதம் என்கிற சீர்திருத்தக்காரர்களுக்குச் சிங்கியும் சிங்கனும் அவமானம். மறுபக்கத்தில், முஸ்லிம் கவி தமிழ் வடிவத்தை எடுத்தான் என்றாலே 'நம்மிடம் கடன் வாங்கினான்' என்று கணக்கு எழுதுகிறவர்கள். நல்லிணக்கச் சொற்பொழிவு இந்த இருவரையும் தடுக்காது. எல்லாம் ஒன்று என்றால், பீர் முகம்மது அப்பாவைப் படித்தே தீர வேண்டிய அவசியம் யாருக்கு? அவர் சொன்னது வேறு எவரும் சொல்லாதது என்றால்தான் அந்தப் பாட்டு தொலையும்போது நமக்கு ஏதோ போகிறது.

நான்கு நூலிலும் வெட்டப்படாதவள் ஒருத்தி உண்டு, குறத்தி. தலைவியை எடுக்கலாம், தலைவனை மாற்றலாம், இவளை எடுத்தால் குறவஞ்சி இல்லை. கூடலைப் பற்றித் தெரிந்தவள் அவள்தான். குற்றாலத்தில் சிங்கன் அவள் காலைப் பார்த்து, விரியன் பாம்பு கடித்துக் கிடப்பானேன் என்று மிரள்கிறான். குறி சொல்லிப் பெற்ற சிலம்பு என்கிறாள். வேதாந்திக்குப் பாம்பு கயிறாகும், இவளுக்குக் கூலியாகிறது. பீர் முகம்மது அப்பா அந்தக் கேள்விபதிலின் அமைப்பை அப்படியே வைத்துக்கொண்டு நகையை எடுத்துவிட்டு, ஆதிக்கு முன்னால் என்ன இருந்தது என்று சிங்கனைக் கேட்க வைக்கிறார். ஷெய்க் இருக்க வேண்டிய இடத்தில் குறப்பெண் உட்கார்ந்திருக்கிறாள். எந்த மடத்திலும் எந்த மதரஸாவிலும் எந்த மிஷன் பங்களாவிலும் அவளுக்குத் திண்ணைகூடக் கிடைத்திருக்காது.

குற்றப் பரம்பரைச் சட்டம் 1871இல் வடக்கே வந்தது, 1911இல் சென்னை மாகாணத்துக்கும் நீண்டது. குறவர்கள் அந்தப் பட்டியலில் ஏற்றப்பட்டார்கள். போலீஸில் ஆஜராகிக் கைநாட்டு வைக்க வேண்டியவர்களானார்கள். 1952இல் அது நாடு முழுக்க ரத்தாயிற்று. இடைப்பட்ட அந்த வருஷங்களில்தான் திருக்குற்றாலக் குறவஞ்சி கல்லூரிகளில் பாடமாகவும் பிறகு நாட்டிய மேடையில் அலங்காரமாகவும் ஏறியது. மேடையில் கூடையோடு வந்து கைபார்த்தவள் குறத்தி அல்ல.